அடைத்த பாதையும் பூட்டிய கிணறும்

வாசகர் கடிதம்:

"எங்கள் ஊர் முதுகுளத்தூரிலிருந்து நன்றாக உள்ளே தள்ளி இருக்கிறது. காலையில் ஒரு பஸ், சாயங்காலம் ஒரு பஸ். நான் கல்யாணமாகித் திருப்பூரில் இருக்கிறேன், அண்ணன் துபாயில். அப்பா இறந்து மூன்று வருடமாகிறது. அம்மா தனியாக ஊரில் இருந்துகொண்டு இரண்டு ஏக்கர் புஞ்சையில் மிளகாய் போடுகிறார்கள். 1991-இல் அப்பாவும் சின்னப்பாவும் பத்திரம் போட்டுப் பாகம் பிரித்துக்கொண்டார்கள். எங்கள் புஞ்சைக்கு வண்டிப்பாதை சின்னப்பா பங்கு வழியாகத்தான். இந்தத் தை மாதம் சின்னப்பா மகன் கருவேல முள்ளை வெட்டிப் போட்டுப் பாதையை அடைத்துவிட்டான். 'கண்மாய்க்கரையில் ரோடு போட்டாச்சு, சுத்திப் போங்க' என்கிறான். அம்மா மிளகாய்ச் சாக்கைத் தலையில் வைத்துப் பொழி (வரப்பு) வழியாக நடந்து கொண்டு வருகிறார்கள். வி.ஏ.ஓ.விடம் கேட்டால் புலப்படத்தில் (நிலத்தின் சர்வே வரைபடத்தில்) பாதையே இல்லை என்கிறார். அண்ணன் கேஸ் போடு என்கிறான். இல்லாவிட்டால் லீவில் வரும்போது ஜே.சி.பி. வைத்து முள்ளை அள்ளிவிடுவேன் என்கிறான். பேசாமல் விற்றுவிட்டு வந்துவிடலாம் என்றும் சொல்கிறான். அம்மாவோ, 'கேஸெல்லாம் வேண்டாம்டி, நாளைக்கு நான் செத்தா நீர்மாலைக்கு அவங்கதான வரணும்' என்கிறார்கள் (இறந்தவரைக் குளிப்பாட்டத் தண்ணீர் எடுத்து வருகிற சடங்கு அது). சின்னப்பா வாதம் வந்து படுத்த படுக்கை. இரண்டு வீட்டுக்கும் பேச்சு இல்லை. சின்னம்மா மட்டும் மகனுக்குத் தெரியாமல் எப்போதாவது கருவாடு கொடுத்தனுப்புவார்கள். போன ஐப்பசியில் லீவில் வந்தபோது அண்ணன் கரண்ட் சர்வீஸைத் தன் பெயருக்கு மாற்றி, மோட்டார் ரூம் பூட்டையும் மாற்றிவிட்டான். அந்தக் கோபமும் சின்னப்பா மகனுக்கு இருக்கலாம். பத்திரத்தைப் போட்டோ எடுத்து அனுப்பியிருக்கிறேன். என்ன செய்வது?"

வழக்கறிஞர் பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். பத்திரத்தின் போட்டோவைப் பெரிதாக்கி மூன்று பக்கத்தையும் எழுத்துக்கூட்டிப் பார்த்தேன். மடிப்பு விழுந்த இடத்தில் மை அழிந்திருந்தாலும் வேண்டிய வரிகள் தெளிவாக இருக்கின்றன.

கேட்ட கேள்விக்கு முதலில் நேராகப் பதில் சொல்லிவிடுகிறேன். பாதை உங்களுக்கு உண்டு. அதை அடைக்க உங்கள் சின்னப்பா மகனுக்கு உரிமை கிடையாது.

நீங்கள் சிவப்புப் பேனாவால் கோடு போட்டு அனுப்பிய இரண்டாம் பக்கத்து வரி இது: "'ஆ' ஷெட்யூல் சொத்தின் மேல்புறம் தென்வடலாய் 12 அடி அகலத்தில் செல்லும் வண்டிப்பாதை வழியாக 'அ' ஷெட்யூல்தாரர் ஆள், மாடு, வண்டி போக வர, எவ்விதத் தடையுமின்றி அனுபவித்துக்கொள்ள வேண்டியது." 'அ' ஷெட்யூல் உங்கள் அப்பாவின் பங்கு, 'ஆ' சின்னப்பாவின் பங்கு. இதைவிடத் தெளிவாக எழுத முடியாது. அந்தக் காலத்துப் பத்திர எழுத்தர் யாராக இருந்தாலும் நன்றாக எழுதியிருக்கிறார்.

அடுத்தவர் நிலத்தில் நடக்கிற உரிமைக்கு 1882-ஆம் வருடத்து ஈஸ்மெண்ட் சட்டம் ஒன்று இருக்கிறது. பொதுவாக மூன்று வழியில் அந்த உரிமை வரும். வேறு போக்கே இல்லாததால் வருவது ஒன்று. தொடர்ந்து 20 வருடம் உரிமையோடு நடந்து வந்ததால் வருவது ஒன்று. எழுத்தில் கொடுத்ததால் வருவது ஒன்று. கண்மாய்க்கரையில் ரோடு வந்துவிட்டது என்று உங்கள் தம்பி சொல்வது (சின்னப்பா மகன் என்றால் தம்பிதானே, அப்படியே சொல்கிறேன்) முதல் வகைக்கு மட்டும்தான் பொருந்தும். வேறு போக்கில்லை என்பதற்காகக் கிடைத்த பாதை, வேறு போக்கு வந்ததும் போய்விடும். சட்டத்திலேயே அப்படித்தான் இருக்கிறது. யாரோ விவரம் தெரிந்தவர் அவருக்குச் சொல்லிக்கொடுத்திருக்க வேண்டும். ஆனால் உங்களுடையது எழுத்தில் கொடுத்த பாதை. எத்தனை ரோடு வந்தாலும் அது நிற்கும்.

புலப்படத்தில் இல்லையே என்று கவலைப்படாதீர்கள். புறம்போக்குப் பாதையாக இருந்தால் வருவாய்த்துறைக் கணக்கில் இருக்கும். அதை அடைத்தால் தாசில்தாரே எடுக்கச் சொல்லலாம். அண்ணன் தம்பி தங்களுக்குள் விட்டுக்கொண்ட பாதையைச் சர்வேயர் வந்து படத்தில் ஏற்றுவது அபூர்வம். உங்கள் பக்கத்தில் பெரும்பாலான நிலங்களுக்கு இப்போது இருக்கிற பட்டாக் கணக்கு, 1979-இல் தொடங்கி 1987 வரை நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தில் உருவானது. யூ.டி.ஆர். என்று சொல்வார்களே, அதுதான். உங்கள் பாகப்பிரிவினை அதற்கும் பிறகு. அதில் இருக்க வழியில்லை. வி.ஏ.ஓ. சொன்னது தவறில்லை, ஆனால் அது உங்கள் கேள்விக்குப் பதில் ஆகாது. பாதைக்குப் பத்திரம்தான் சாட்சி.

இவ்வளவும் இரண்டாம் பக்கம். மூன்றாம் பக்கத்தில் நீங்கள் கோடு போடவில்லை. அங்கே இப்படி இருக்கிறது: "'அ' ஷெட்யூல் சொத்தில் உள்ள கிணற்றிலும், மேற்படி கிணற்றில் உள்ள 5 எச்.பி. மோட்டார், பம்புசெட், சர்வீஸிலும் இருவருக்கும் சரிபாதி பாத்தியம். ஒருநாள் விட்டு ஒருநாள் முறை வைத்துத் தண்ணீர் பாய்ச்சிக்கொள்ள வேண்டியது."

சகோதரி, உங்கள் அப்பாவும் சின்னப்பாவும் அன்றைக்கு உட்கார்ந்து பேசியதை நினைத்துப் பாருங்கள். ஒருவர் பங்கில் கிணறு விழுந்தது, இன்னொருவர் பங்கில் பாதை விழுந்தது. உனக்குப் பாதை நான் தருகிறேன், எனக்குத் தண்ணீர் நீ கொடு. அந்த இரண்டும் ஒரே பேச்சில் முடிந்தவை, ஒரே பத்திரத்தில் அடுத்தடுத்த பக்கத்தில் ஏறியவை. முப்பது வருடத்துக்கும் மேலாக இரண்டும் சேர்ந்தே நடந்தன. முதலில் நின்றது எது?

உங்கள் கடிதத்தில் முள்தான் முதலில் வருகிறது. பூட்டு கடைசியில், போகிற போக்கில் வருகிறது. நடந்தது அந்த வரிசையில் இல்லை. பூட்டு ஐப்பசியில். முள் தையில். நடுவில் இருக்கிற இரண்டு மாதம் உங்களுக்கே தெரியும். ஐப்பசி, கார்த்திகையில் உங்கள் பக்கம் மழைக்காலம், கிணற்றை யாரும் எட்டிப் பார்க்க மாட்டார்கள். மார்கழி பாதியில் மழை ஓய்ந்து, நிலம் வெடிக்கத் தொடங்கும்போதுதான் மோட்டார் ரூமுக்கு ஆள் வருவார்கள். உங்கள் தம்பி வந்திருப்பார். பழைய சாவி உள்ளே நுழைந்திருக்காது. அந்த வருடம் அவர் என்ன விதைத்திருந்தார், அது என்ன ஆனது என்று அம்மாவைக் கேளுங்கள். பொழிக்கு அந்தப் பக்கம் நடந்ததை அம்மா பார்க்காமல் இருந்திருக்க மாட்டார்கள்.

உங்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. முள் போட்டது தப்பு. வயதான பெரியம்மாவைச் சாக்கு சுமக்க வைத்தது பெரிய தப்பு. ஆனால் என்னிடம் வருகிற பாதை வழக்குகளில் பாதிக்கு மேல் இப்படித்தான் இருக்கின்றன. கட்சிக்காரர் தனக்கு நடந்ததை மணி, தேதியோடு சொல்வார். தான் செய்தது, நான் கேட்டால்தான் வரும். கோர்ட்டில் அது எதிர்த்தரப்பு வக்கீலின் வாயிலிருந்து வரும். அதைவிட இப்போது என்னிடமிருந்து வருவது நல்லது.

கரண்ட் விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். சர்வீஸ் அட்டையில் யார் பெயர் இருக்கிறதோ அவருக்குக் கிணறு சொந்தமாகிவிடாது. அப்பா பெயரில் இருந்த இணைப்பை வாரிசு பெயருக்கு மாற்றிக்கொள்வது சாதாரண விஷயம், தவறும் இல்லை. ஆனால் ஊரில் அதை அப்படிப் பார்ப்பதில்லை. இலவச விவசாய மின்சாரம். புது இணைப்புக்கு எழுதிப்போட்டால் வருடக்கணக்கில் காத்திருக்க வேண்டும். பாதிக் கிணறு உப்புத்தண்ணீராக இருக்கிற சீமையில், நல்ல தண்ணீர்க் கிணற்றின் சர்வீஸ் ஒருவர் பெயருக்கு மாறி, அதே வாரத்தில் பூட்டும் மாறினால், அடுத்தவர் என்ன நினைப்பார்? கிணறு போய்விட்டது என்றுதான் நினைப்பார்.

அதோடு "விற்றுவிட்டு வந்துவிடலாம்" என்ற பேச்சு. அண்ணன் அதை உங்களிடம் மட்டும் சொன்னாரா, டீக்கடையிலும் சொன்னாரா? உங்கள் பக்கத்து நிலவரம் எனக்குத் தெரியும். 2016-இல் கமுதியில் 648 மெகாவாட் சூரிய மின்நிலையம் வந்ததிலிருந்து, கிணறு இல்லாத காட்டையும் ஏக்கர் என்ன விலை என்று கேட்டுக்கொண்டு புரோக்கர்கள் வந்துபோகிறார்கள். உங்கள் பங்கு வெளியாள் கைக்குப் போனால் கிணற்றில் தன் பாதி என்ன ஆகும் என்ற பயம் உங்கள் தம்பிக்கு வந்திருந்தால் ஆச்சரியமில்லை. பாதை இல்லாத நிலத்தை வாங்க ஆள் வராது. அந்த முள்ளை அவர் கோபத்தில் மட்டும் போட்டிருக்க மாட்டார் என்பது என் ஊகம்.

இப்போது அண்ணன் சொன்ன இரண்டு வழிகளுக்கு வருகிறேன்.

ஜே.சி.பி. வேண்டவே வேண்டாம். பாதை உங்களுடையதாக இருந்தாலும் முள் கிடக்கிற மண் அவர்களுடையது. ஜே.சி.பி.யோடு இறங்கினால் அத்துமீறி நுழைந்தார், சேதப்படுத்தினார் என்று புகார் போகும். நாலு பேர் கூடுகிற இடத்தில் ஒரு வார்த்தை தடித்தால் கைகலப்பு வழக்கும் சேர்ந்துகொள்ளும். வெளிநாட்டில் வேலை பார்க்கிறவர் பெயரில் எஃப்.ஐ.ஆர். விழுந்தால் பாஸ்போர்ட் புதுப்பிப்பதிலிருந்து எல்லாமே சிக்கல். முப்பது நாள் லீவில் வந்து ஆரம்பித்துவிட்டு அவர் விமானம் ஏறிவிடுவார். அதே ஊரில் அதே தெருவில் அம்மா இருக்க வேண்டும்.

கேஸ் என்றால், உங்கள் பகுதிக்குரிய முன்சீப் கோர்ட்டில் பாதை உரிமை உண்டு என்று விளம்புகை (அறிவிப்பு) செய்யவும், முள்ளை எடுக்கவும், இனி அடைக்காமல் தடுக்கவும் கேட்டு தாவா போடலாம். பத்திரம் இருப்பதால் நல்ல கேஸ். ஆனால் அவரும் சும்மா இருக்க மாட்டார். அதே வழக்கில் கிணற்றைப் பற்றி எதிர் உரிமை கேட்பார்; அதுவும் நல்ல கேஸ்தான், அதே பத்திரம்தான். உடனே இடைக்காலத் தடை வேண்டும் என்று நான் நின்றால், உங்கள் கட்சிக்காரர் கிணற்றைப் பூட்டி வைத்துக்கொண்டு பாதையைக் கேட்கிறாரே என்று நீதிபதி கேட்பார். என்னிடம் பதில் இருக்காது.

அப்புறம் கமிஷனர் வருவார். இடத்தைப் பார்த்து அறிக்கை கொடுக்கக் கோர்ட் ஒரு வக்கீலை அனுப்பும். நானே அப்படிப் பலமுறை போயிருக்கிறேன். ஒரு தடவை சித்திரை வெயிலில் ஒரு ஊருக்குப் போனேன். இறங்கியவுடன் இரண்டு வீட்டிலிருந்தும் ஆளுக்கொரு நாற்காலி வந்தது, ஆளுக்கொரு சொம்பு மோர் வந்தது. எந்த நாற்காலியில் உட்கார்ந்தாலும், எந்த மோரைக் குடித்தாலும் சாயங்காலத்துக்குள் ஊர் முழுக்கப் பேச்சாகிவிடும். வேப்பமரத்தடியில் நின்றுகொண்டே பாட்டில் தண்ணீரைக் குடித்துவிட்டு டேப்பைப் பிடித்தேன். ஊரே பொழியில் வரிசையாக நின்று பார்த்தது. அளந்து முடிகிறவரை, வழக்குப் போட்ட அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு ஓரமாக நின்றார்கள். பக்கத்தில் போய் நிற்க ஒரு பெண் கூட வரவில்லை. யார் பக்கம் என்று ஆகிவிடுமே என்ற பயம். அந்தத் தாவா அப்பீல் வரை போய் முடிய 11 வருடம் ஆனது. ஜெயித்தார்கள். ஆனால் அதற்குள் இரண்டு வீட்டுப் பையன்களும் சென்னைக்குப் போய்விட்டார்கள். இரண்டு புஞ்சையிலும் சீமைக்கருவேலம்தான் நிற்கிறது.

போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனால் மனுவை வாங்கி ரசீது கொடுத்து, இது சிவில் விவகாரம் என்பார்கள். கோட்டாட்சியரிடம் போக ஒரு வழி உண்டு. நிலத்தையோ தண்ணீரையோ பயன்படுத்தும் உரிமையில் தகராறு வந்து அமைதி கெடும் என்றால் அவர் விசாரித்து உத்தரவு போடலாம்; புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் (பாரதீய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) 166-ஆம் பிரிவு. ஆனால் மனு போவதற்கு முந்தைய மூன்று மாதத்துக்குள் அந்தப் பாதையைப் பயன்படுத்தியிருக்க வேண்டும் என்று அதில் ஒரு நிபந்தனை. தையில் அடைத்தது, இப்போது பங்குனி முடியப்போகிறது. அந்த வழியை நம்ப வேண்டாம்.

அம்மா சொன்ன சொல்லுக்கு வருகிறேன். நீர்மாலை. அதை நீங்கள் அம்மாவின் பயமாக எழுதியிருக்கிறீர்கள், அண்ணன் அதைப் பழைய காலத்துப் பேச்சாக நினைக்கலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அண்ணன் துபாயிலிருந்து வர ஒருநாள், நீங்கள் திருப்பூரிலிருந்து வர ஒரு ராத்திரி. அதற்கு முன்னால் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஊருணிக்குப் போகிறவர்கள் பங்காளிகள். செத்த பிறகு மட்டும் இல்லை. ராத்திரி நெஞ்சு அடைத்தால், பாம்பு கடித்தால், கடைசி பஸ் போன பிறகு ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டுமென்றால் பைக்கை எடுக்கிற ஆள் அடுத்த வீட்டில் இருக்கிறவர்தான். கோயில் பொங்கலில் தலைக்கட்டு வரி கொடுத்துவிட்டுப் பேச்சு இல்லாமல் ஒரு ஓரமாக நிற்பது எப்படி இருக்கும் என்பதை இந்த வருடம் அம்மா பார்த்திருப்பார்கள். அந்த ஊரில் மிச்ச நாளை ஓட்டப்போகிறவர் கணக்குப் போட்டுச் சொன்ன சொல் அது. அதை வைத்துத்தான் மற்ற முடிவுகளை எடுக்க வேண்டும் என்பது என் அபிப்பிராயம்.

அதற்காகப் பாதையை விட்டுவிடுங்கள் என்று சொல்ல மாட்டேன். விடவே கூடாது. வருடக்கணக்கில் வாய் திறக்காமல் இருந்தால், "அவர்களே விட்டுவிட்டு ரோட்டு வழியாகப் போகிறார்கள்" என்று நாளைக்கு வாதம் வரும். அதனால் இப்போதே செய்ய வேண்டியவை சில உண்டு. முள் கிடக்கிற இடத்தைத் தேதி தெரிகிற மாதிரி நாலு பக்கமும் போட்டோ எடுத்து வையுங்கள். டிரங்குப் பெட்டியில் இருக்கிற பத்திரத்தை நம்பி இருக்காமல், சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் ஒன்று வாங்கிவிடுங்கள். வில்லங்கச் சான்றும் போட்டுப் பாருங்கள், 1991-க்குப் பிறகு அந்தச் சொத்துகளில் வேறு எதுவும் பதிவாகியிருக்கிறதா என்று தெரியும். இதெல்லாம் சத்தமில்லாமல் நடக்க வேண்டிய வேலை. ஊரில் யாருக்கும் தெரிய வேண்டாம்.

பேச்சை யார் ஆரம்பிப்பது? அண்ணன் வேண்டாம். துபாயிலிருந்து வாட்ஸாப்பில் பேசினால் ஒரு வார்த்தை கூடவோ குறையவோ போய்விடும். நீங்களும் போனில் வேண்டாம். ஊர்ப் பெரியவர்களிடமும் இப்போதே போக வேண்டாம். மந்தையில் வைத்துப் பேசினால் அவர் இறங்கி வந்தாலும் தோற்றுப்போனதாக ஆகிவிடும். உங்கள் கடிதத்திலேயே பதில் இருக்கிறது. மகனுக்குத் தெரியாமல் கருவாடு கொடுத்தனுப்புகிற ஒருவர் இருக்கிறாரே.

இரண்டு ஓரகத்திகளும் எத்தனை வருடம் ஒரே அடுப்பங்கரையில் புழங்கியிருப்பார்கள். அம்மா ஒருநாள், தம்பி வீட்டில் இல்லாத நேரமாகப் பார்க்காமல், அவர் இருக்கிற நேரமாகப் பார்த்துப் போகட்டும். சின்னப்பாவைப் பார்க்க வந்தேன் என்று போகட்டும். படுத்துக் கிடக்கிற கொழுந்தனைப் பார்க்கப் போவதற்கு யாரிடமும் காரணம் சொல்ல வேண்டியதில்லை. அந்தப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்ட இருவரில் ஒருவர் இன்னும் உயிரோடு இருக்கிறார். பேச்சு தெளிவாக இல்லாவிட்டாலும் காது கேட்கும், தலை அசைக்க முடியும். அவர் இருக்கும்போதே இது முடிய வேண்டும் என்று நான் அவசரப்படுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

போகும்போது மோட்டார் ரூம் சாவியில் ஒன்றைக் கையில் கொண்டுபோகட்டும்.

அண்ணன் கேட்பார் என்று தெரியும்: முள்ளை எடுக்கிறதுக்கு முன்னாடியே நாம சாவியைக் கொடுத்தா இளக்காரமாப் போயிடாதா? போகாது. சாவியைக் கொடுப்பதால் உங்களுக்கு ஒரு சென்ட் உரிமை கூடக் குறையாது. பாதிக் கிணறு பத்திரப்படி ஏற்கெனவே அவர்களுடையது. கொடுக்காமல் வைத்திருந்தால்தான் உங்கள் கேஸ் பலவீனம். சாவி கொடுத்த பிறகும் முள் அப்படியே கிடந்தால், அன்றைக்கு நான் கோர்ட்டில் நிமிர்ந்து நின்று பேசுவேன். அண்ணனிடம் இதை நீங்கள் விளக்கிச் சொல்லுங்கள். இந்தப் பதிலையே அனுப்பிக் காட்டுங்கள்.

பாதையைப் பற்றி அன்றைக்கே பேச வேண்டும் என்றில்லை. பேச்சு வந்தால், 12 அடியும் அவர்களுக்கு இடைஞ்சலாக இருக்கிறது என்று தம்பி சொல்லலாம். கொஞ்சம் குறைத்தோ, தள்ளியோ தருகிறேன் என்றும் சொல்லலாம். டிராக்டர் திரும்புகிற அகலம் இருந்தால் ஒப்புக்கொள்ளுங்கள். 12 அடியா 10 அடியா என்று நிற்க வேண்டாம். ஆனால் எங்கே, எவ்வளவு என்று அன்றைக்கே டேப் வைத்து அளந்து முளைக்குச்சி அடித்துவிட வேண்டும். "அப்புறம் பார்த்துக்கலாம்" என்ற பேச்சுதான் அடுத்த தலைமுறைக்கு வழக்காகப் போகிறது.

விற்பனைப் பேச்சுக்கும் அம்மாவே ஒரு வார்த்தை சொல்லட்டும்: "விக்கிறதா இருந்தா முதல்ல உங்கிட்டதாம்ப்பா கேப்போம்." சட்டப்படி நீங்கள் அப்படிச் சொல்லக் கட்டாயம் எதுவும் இல்லை, பாகம் பிரித்த சொத்து. ஆனால் முள்ளுக்கு அடியில் இருக்கிற பயம் அதுதான் என்றால், அந்த ஒரு வார்த்தைக்கு ஜே.சி.பி.யை விட வலு அதிகம். சொன்னால் காப்பாற்றவும் வேண்டும். அண்ணனின் சம்மதம் இல்லாமல் அம்மாவைச் சொல்ல வைக்காதீர்கள்.

பேச்சு கூடி வந்தால் வாய்ச்சொல்லோடு நிறுத்திவிடாதீர்கள். பாதை எங்கே, எத்தனை அடி, தண்ணீர் முறை எப்படி, மோட்டார் ரிப்பேருக்குச் செலவு யார் யார், சர்வீஸ் அண்ணன் பெயரில் இருந்தாலும் பாதி அவர்களுடையது என்பது எல்லாவற்றையும் ஒரு உடன்படிக்கையாக எழுதி, சின்னதாக ஒரு வரைபடம் சேர்த்துப் பதிவு செய்துவிடுங்கள். உங்கள் பக்கத்தில் அம்மா, அண்ணன், நீங்கள் மூன்று பேரும் கையெழுத்துப் போட வேண்டும். மூவரும் அப்பாவின் வாரிசுகள். யாருக்கு எவ்வளவு பங்கு என்பது தனிக் கணக்கு, அதை இதில் கலக்க வேண்டாம். அண்ணன் வர முடியாவிட்டால் அங்குள்ள இந்தியத் துணைத் தூதரகத்தில் அட்டஸ்ட் செய்து உங்களுக்கு பவர் எழுதி அனுப்பலாம்.

நேரில் பேசி ஆகவில்லை என்றால், கோர்ட்டுக்கு முன்னால் இன்னொரு இடம் இருக்கிறது. வட்ட சட்டப் பணிகள் குழு, கோர்ட் வளாகத்திலேயே இருக்கும். வழக்குப் போடாமலே அங்கே மனு கொடுக்கலாம். அவர்கள் அந்தத் தரப்புக்கும் நோட்டீஸ் அனுப்பி இரண்டு பேரையும் உட்கார வைத்துப் பேசுவார்கள். ஒத்துவந்தால் மக்கள் நீதிமன்றத்தில் வைத்து அவார்டாக எழுதிவிடுவார்கள். அதற்குக் கோர்ட் தீர்ப்பின் மதிப்பு உண்டு, அப்பீல் கிடையாது. பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவசமாக வக்கீல் வைத்துக் கொடுக்க 1987-ஆம் வருடத்துச் சட்டம் வழி செய்திருக்கிறது. அதனால் மனு அம்மா பெயரில் இருக்கட்டும். ஊர் கூடி வேடிக்கை பார்க்காத ஒரு அறையில் பேச்சு நடக்கும் என்பதற்காகவே நான் அந்த இடத்தை விரும்புகிறேன்.

இதற்கெல்லாம் ஒரு கெடு வைத்துக்கொள்ளுங்கள். ஆனி கடைசி. ஆடி, ஆவணியில் டிராக்டர் இறங்கி உழ வேண்டும். அதற்குள் பாதை திறக்கவில்லை என்றால் ஒரு வெள்ளாமை போகும். அதுவரை பேச்சு நகரவில்லை என்றால் தயங்காமல் வக்கீல் நோட்டீஸ் அனுப்பி, தாவா போடுங்கள். அப்போதும் அம்மா வேண்டாம் என்றால், அவர்களை உட்கார வைத்து, இத்தனை செய்து பார்த்தோம் என்று சொல்லிவிட்டு, அவர்கள் சம்மதத்தோடு போடுங்கள். அம்மாவுக்குத் தெரியாமல் கையெழுத்து வாங்கிப் போட்ட வழக்குகளை நான் பார்த்திருக்கிறேன். சாட்சிக் கூண்டில் ஏறி, "எனக்குக் கேஸே வேண்டாம் சாமி" என்று சொன்ன அம்மாவையும் பார்த்திருக்கிறேன்.

சாவி விஷயத்தில் ஒரு சின்ன ஆலோசனை, சட்டத்தில் இல்லாதது. அம்மா அதைத் தம்பி கையில் கொடுக்கும்போது, நாளைக்கு உன் முறை என்று சொல்லிக் கொடுக்கட்டும். முறையை அவரிடமிருந்து எண்ண ஆரம்பியுங்கள். முண்டு மிளகாய்க்கு இன்னும் ஓரிரண்டு பழமெடுப்பு இருக்கும். ஒருநாள் தண்ணீர் தள்ளிப்போனால் ஒன்றும் கெட்டுவிடாது. முள் எடுத்தார்களா, எத்தனை அடி விட்டார்கள் என்று வைகாசிக்குள் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். உடன்படிக்கையை நான் எழுதித் தருகிறேன்.